‘ரெண்டு சீட்டு’ பாட்டில் சிரித்தவள்

எங்கள் தெருவில் சிரிக்கவே சிரிக்காத ஓர் ஆளுக்குச் சிரிப்பக்கா என்று பெயர். புதிதாகக் குடிவருகிறவர்கள் இரண்டு நாள் குழம்புவார்கள். மூன்றாம் நாள் யாராவது அவர்களைச் சுவரோரமாகக் கூப்பிட்டு விஷயத்தைச் சொல்லிவிடுவார்கள். அந்த யாராவது பெரும்பாலும் நான்தான்.

என்னை ரேடியோ என்பார்கள். யார் வீட்டுக் கதவு எத்தனை மணிக்கு அறைந்து சாத்தப்பட்டது, சாத்தியது புருஷனா பெண்டாட்டியா, திறந்துவிட்டது யார் என்பதெல்லாம் என்னிடம் சூடு ஆறாமல் கிடைக்கும். கேட்பவர்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிப்பார்கள். நான் மட்டும் உதட்டைக்கூட அசைக்க மாட்டேன். “எப்படிக்கா, முகத்தைத் தபால் பெட்டி மாதிரி வச்சுக்கிட்டு இதெல்லாம் சொல்றீங்க?” என்று கேட்பார்கள். தொழில் ரகசியம் என்பேன். தொழிலும் இல்லை, ஒரு மண்ணும் இல்லை. அந்த ரகசியத்தைத்தான் இப்போது சொல்ல வந்தேன்.

‘ரெண்டு சீட்டு’ பாட்டைக் கேட்காத காது இருக்க முடியாது. பல் டாக்டர் வீட்டு வரவேற்பறையில் போடுவார்கள், பள்ளிக்கூட ஆண்டுவிழாவில் போடுவார்கள், பஸ் கிளம்பும்போது டிரைவர்களே போடுவார்கள்.

‘ரெண்டு சீட்டு குடுங்க கண்டக்டரே,
ஒண்ணு எனக்கு, ஒண்ணு என் சிரிப்புக்கு!’

இந்த இடத்தில் ஒரு பெண் சிரிப்பாள். மூன்று படி ஏறி, நாலாவது படியில் கால் இடறி, விக்கலோடு மூச்சை உள்ளே இழுத்து, மறுபடி முதல் படியிலிருந்து ஏறுகிற சிரிப்பு. பாட்டில் மற்றதெல்லாம் சுமார் ரகம். மெட்டு எங்கோ கேட்ட மாதிரி இருக்கும், வரிகளைச் சொல்லவே வேண்டாம். ஐம்பது வருடமாக அந்தப் பாட்டைத் தூக்கி நிறுத்துவது அந்தச் சிரிப்புதான்.

அது பிறந்தது எங்கள் தெருவில், இப்போது மருந்துக்கடை இருக்கிற கட்டடத்தில். அன்றைக்குக் கீழே தையல் கடை, மேலே ஒலிப்பதிவுக் கூடம். கூடம் என்றால் பெரிதாக எதுவும் நினைத்துக்கொள்ள வேண்டாம். சுவரெல்லாம் பழைய மெத்தை அடித்த ஓர் அறை, அதற்குள் ஒரே ஒரு மைக். அதைச் சுற்றிப் பாடுகிறவள் பக்கத்தில், டிரம்ஸ் தூரத்தில் என்று நிற்பார்கள். கண்ணாடிக்கு அந்தப் பக்கச் சின்ன அறையில் மைக் மாமா உட்கார்ந்திருப்பார். மனிதர் முகம் பார்த்துப் பேச மாட்டார், மீட்டர் முள்ளைப் பார்த்துத்தான் பேசுவார். பாட்டை முதலிலிருந்து கடைசிவரை ஒரே மூச்சில் பாடி முடிக்க வேண்டும். நடுவில் யாராவது தும்மினால் ஆரம்பத்திலிருந்து மறுபடி.

கீழே எங்கள் கடையில் நான்கு தையல் மெஷின். ஓடினால் சத்தம் மாடிக்குப் போகும். அதனால் மேலேயிருந்து ஒரு ஒயர் இழுத்து, எங்கள் சுவரில் ஒரு சிவப்பு பல்பு மாட்டியிருந்தார்கள். பல்பு எரிந்தால் மெஷின் நிற்க வேண்டும், கத்தரி நிற்க வேண்டும், இருமல் வந்தாலும் விழுங்கிக்கொள்ள வேண்டும். பல்பு எரியும்போது மேலே யாரும் கதவைத் திறக்கக்கூடாது, உள்ளே மாட்டியவர் உள்ளே, வெளியே நின்றவர் வெளியே.

கடையில் மாஸ்டரைத் தவிர நாங்கள் இரண்டு பெண்கள். நான் ஒருத்தி. இன்னொருத்தி தடித்த மூக்குக்கண்ணாடி போட்டவள், கண்ணாடி என்றே கூப்பிடுவோம். அவளுக்கு அந்த வாரம் பெரிய வாரம். வெட்டும் மேஜை என்பது மாஸ்டரின் சிம்மாசனம், அதுவரை எந்தப் பெண்ணும் அதில் துணியை விரித்ததில்லை. அவர் கண்ணாடியிடம், “ஒரு பேண்டுக்குக் கோடு போட்டு வை. நான் லைனிங் துணி வாங்கிட்டு வந்து பார்க்கறேன். சரியா இருந்தா அடுத்த மாசத்துலேர்ந்து மேஜை உன்னோடது” என்று சொல்லிவிட்டுப் போயிருந்தார்.

அன்றைக்குத்தான் மேலே ‘ரெண்டு சீட்டு’. ரெக்கார்டு அட்டைப் படத்துக்காக வாத்தியக்காரர்களுக்கு மஞ்சள் கோடு போட்ட கோட்டுகள் தைத்துக்கொண்டிருந்தோம். போட்டுப் பார்த்து அளவு சரி செய்ய அவற்றை மாடிக்குக் கொண்டுபோவது எப்போதும் கண்ணாடியின் வேலை. எங்கள் அப்பா என்னை வேலைக்கு அனுப்பும்போதே கண்டிஷன் போட்டிருந்தார்: கடையில் தைக்கலாம், மாடிப்படியில் கால் வைக்கக்கூடாது. மேலே ஆம்பளைகள் கிடார் வாசிக்கிற இடம்.

“இன்னைக்கு மட்டும் நீ போயிட்டு வாடி” என்றாள் கண்ணாடி, வாயில் சாக்குக்கட்டியை வைத்துக்கொண்டே. “கையை எடுத்தா கோடு போயிடும்.”

“அப்பாவுக்குத் தெரிஞ்சா தோலை உரிச்சிடுவார்.”

“யாரு சொல்லப் போறா? நானா?”

போனேன். போகவேண்டும் என்று எனக்கும் கொள்ளை ஆசை. டிரம்ஸ்காரனுக்குக் கோட்டை மாட்டிவிட்டேன். ஆள் கொஞ்சம் ஷோக்குப் பேர்வழி, மைக் மாமா அறைக் கண்ணாடியில் தன்னைப் பார்த்துவிட்டுக் கழற்றவே மாட்டேன் என்றான். கோட்டின் கைகளை வெறும் ஓட்டுத்தையலில்தான் பிடித்திருந்தேன். அளவு பார்த்துவிட்டுப் பிரிப்பதற்காக நீள நீளமாக வெள்ளை நூலில் ஓட்டுகிற தையல் அது. இழுத்தால் வந்துவிடும். “அண்ணே, கையை வேகமா ஆட்டாதீங்க” என்று சொல்ல வாய் திறந்தேன். அதற்குள் மைக் மாமா, “கரண்ட் நல்லா வருது, எல்லாரும் இடத்துக்கு!” என்று கத்தினார். பல்பு எரிந்துவிட்டது. நான் கதவு மூலையில் ஊசி குத்திய பஞ்சுத் திண்டோடு சிலையாக நின்றேன்.

அது இருபத்திரண்டாவது தடவையாம். எல்லாம் பிரமாதமாகப் போய்க்கொண்டிருந்தது. ‘ஒண்ணு என் சிரிப்புக்கு’ என்று பாடகி பாடி முடித்ததும் டிரம்ஸில் ஒரு பெரிய அடி, அப்புறம் டிரம்பெட் வரவேண்டும். டிரம்ஸ்காரன் கையை ஓங்கி அடித்தான். கோட்டின் கை தோளிலிருந்து அப்படியே கழன்று, அறைக்குள் பறந்து, டிரம்பெட்டின் வாயில் போய்த் தொப்பி மாதிரி உட்கார்ந்தது. டிரம்பெட்டிலிருந்து ‘பர்’ என்று ஒரு சத்தம்.

நான் சிரித்துவிட்டேன். என்னால் முடியவில்லை. அதுதான் நீங்கள் கேட்கிற சிரிப்பு.

பாடகி நல்ல கெட்டிக்காரி. நிறுத்தாமல் சிரிப்பின் மேலேயே அடுத்த வரியைப் பாடிவிட்டாள். மைக் மாமா அந்த முள்ளையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, “இதுவே இருக்கட்டும்” என்றாராம். நான் கீழே ஓடி வந்தேன். கண்ணாடி கோடு போட்டு முடித்திருந்தாள். கோடு ஒரு நூல் பிசகவில்லை. நடந்ததைச் சொன்னேன், அவளும் சிரித்தாள். கண்ணாடி சிரித்து நான் பார்த்தது அதுதான் கடைசி என்று அப்போது எனக்குத் தெரியாது.

அந்த மாதம் முடிவதற்குள் பாட்டு வெளிவந்து பிய்த்துக்கொண்டு ஓடியது. பாடகியிடம் ஒரு பத்திரிகைக்காரர், “எவ்வளவு அழகா சிரிக்கிறீங்க” என்றாராம். “அது நான் இல்லை, கீழே தையல் கடைப் பொண்ணு” என்று உண்மையைச் சொல்லித் தொலைத்தாள். மூன்றாவது நாள் அப்பா அந்தப் பத்திரிகையைச் சுருட்டி வைத்துக்கொண்டு வாசலில் நின்றார்.

“தையல் கடைப் பொண்ணுன்னா யாரு?”

“கண்ணாடிதான் கோட்டு கொண்டு போகும்” என்றேன். கவனியுங்கள், அதில் ஒரு வார்த்தை பொய் இல்லை. எப்போதும் அவள்தான் கொண்டு போவாள். இந்தச் சாமர்த்தியம் அப்புறம் எனக்குப் பழக்கமாகவே போய்விட்டது.

இதோடு நின்றிருந்தால் பயந்த பெண் என்று என்னை விட்டுவிடலாம். நிற்கவில்லை. மறுநாள் தண்ணீர்க் குழாயடியில் நாலு பேர் என்னைச் சுற்றி நின்று, “நிஜமாவாடி? அவளா? மேல என்ன பண்ணிட்டிருந்தா?” என்றார்கள். அதுவரை தெருவில் என்னை யாரும் சுற்றி நின்றதில்லை. நான் சொன்னேன். டிரம்ஸ்காரன் கோட்டைக் கழற்ற மாட்டேன் என்றதைச் சொன்னேன். அவள் கிட்டே நின்று கை மாட்டிவிட்டதைச் சொன்னேன். ஐந்து ஆம்பளைகளுக்கு நடுவில் அவள் எப்படிச் சிரித்தாள் என்று, சிரிக்காமல் சொன்னேன். அவர்களுக்குப் பிடித்திருந்தது. வீடு வீடாகக் கூப்பிட்டுக் கேட்டார்கள். ரேடியோவின் முதல் ஒலிபரப்பு அதுதான்.

கண்ணாடி, “அது நான் இல்லை, நான் மேலேயே போகலை” என்றாள். யார் கேட்டார்கள்? தப்புப் பண்ணினவள் வேறெப்படிச் சொல்லுவாள் என்றார்கள். மாஸ்டர் அன்றைக்குக் கடையில் இல்லை. மைக் மாமாவைக் கேட்டதற்கு, “பொண்ணுன்னு தெரியும். நான் முள்ளைத்தானே பார்த்துட்டிருந்தேன்” என்றார். பாடகியும் வாத்தியக்காரர்களும் பெரிய ஊர்ப் பெரிய கூடத்துக்குப் போய்விட்டார்கள். கண்ணாடியின் அண்ணன் அவளை வேலையிலிருந்து நிறுத்தினான். அவள் தெருவில் நடந்தால் சைக்கிளில் போகிறவனெல்லாம் அந்தப் பாட்டைப் பாடி, சிரிப்பு வருகிற இடத்தில் நிறுத்தி, அவள் முகத்தைப் பார்ப்பான். கண்ணாடி என்ற பெயர் போய்ச் சிரிப்பு ஆனாள். வயது ஏற ஏறச் சிரிப்பக்கா.

வெட்டும் மேஜை எனக்குக் கிடைத்தது. அவள் போட்ட கோட்டின்மேல் முதல் துணியை நான்தான் வெட்டினேன்.

அன்றிலிருந்து நான் சத்தமாகச் சிரிப்பதை விட்டுவிட்டேன். அந்த நாலாவது படி விக்கலை யாராவது கேட்டுவிட்டால் தீர்ந்தது கதை. கல்யாணமான புதிதில் என் வீட்டுக்காரர், “உனக்குச் சிரிப்பே வராதா?” என்று கேட்டார். பல் வலி என்றேன். முப்பது வருடம் பல் வலி.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். போன மாதம் ரேடியோ நிலையத்திலிருந்து ஒரு பெண் வந்தாள். பாட்டுக்கு ஐம்பது வயதாம், அதன் கதையைத் தொகுக்கிறாளாம். மருந்துக்கடையில் விசாரித்தாள், எல்லாரும் என் எதிர்வீடான சிரிப்பக்கா வீட்டைக் காட்டினார்கள். சிரிப்பக்காவின் மகளுக்குத் தலைகால் புரியவில்லை. “எங்கம்மா சிரிப்பு நாடு முழுக்கக் கேக்குது” என்று வாசல் வாசலாகச் சொல்லிவிட்டு வந்தாள். அன்றைக்கு ஒரு பெண்ணின் மானத்தை வாங்கிய அதே சிரிப்பு, இன்றைக்குக் கௌரவம்.

இப்போது போய் அது நான் என்று சொன்னால் என்ன அர்த்தம்? அவமானம் இருந்தவரை அவள் தலையில் கட்டிவிட்டு, பேர் வரும் நேரத்தில் வந்து பிடுங்கிக்கொள்கிறேன் என்றுதான் அர்த்தம். சொல்லாவிட்டால் அவள் செய்யாததற்கு மாலை போட்டு, அந்தப் பொய்க்கு முத்திரையும் குத்திவிடுவார்கள். இரண்டு நாள் சோறு இறங்கவில்லை. ஆனாலும் பேட்டி எடுக்கிற அன்று முதல் ஆளாகப் போய் நாற்காலி போட்டு உட்கார்ந்துவிட்டேன். பழக்கம் விடுமா?

ரேடியோப் பெண் மேஜைமேல் கருவியை வைத்தாள். “ஆன்ட்டி, அந்தச் சிரிப்பைப் பத்திச் சொல்லுங்க.”

“அது நான் இல்லம்மா” என்றாள் சிரிப்பக்கா.

“அம்மா எப்பவும் இப்படித்தான், கூச்சம்” என்றாள் மகள்.

“கூச்சம் இல்லடி. நான் இல்லேன்னா இல்லை.”

ரேடியோப் பெண் புன்னகை செய்தாள். “மைக் மாமா வீட்டைக் காலி பண்ணப்போ மூல டேப் கிடைச்சுது. ரெக்கார்டுல வெட்டிட்டாங்க, இதுல பாட்டு முடிஞ்சும் கொஞ்சம் ஓடுது. கேளுங்க” என்று பொத்தானை அமுக்கினாள்.

பாட்டு ஓடியது. சிரிப்பு வந்தது. பாட்டு முடிந்தது. அப்புறம், ஐம்பது வருடத்துக்கு அப்பாலிருந்து மைக் மாமாவின் குரல்: “யாரும்மா அது சிரிச்சது?” அதற்குப் பதிலாக, மூச்சு வாங்கிக்கொண்டு ஒரு பெண் குரல்: “மன்னிச்சுக்குங்க மாமா, வெறும் ஓட்டுத்தையல்தான் போட்டிருந்தேன்!” மறுபடியும் அதே சிரிப்பு, இந்தத் தடவை பாட்டு எதுவும் இல்லாமல் தனியாக.

அந்தப் பெண்ணுக்குப் பத்தொன்பது வயது. அவளுக்கு எதைப் பற்றியும் பயமில்லை. அவளைப் பார்க்க எனக்கு முகமில்லாமல் போயிற்று.

“இது நீங்கதானே ஆன்ட்டி?”

சிரிப்பக்கா என் பக்கம் திரும்பிக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாள், மெதுவாக, ஒரு பக்கம், அப்புறம் மறுபக்கம். அந்த நேரம் முழுக்க எனக்குக் கொடுத்த நேரம் என்று புரிந்தது.

“அது நான்” என்றேன்.

மகள்தான் முதலில் பேசினாள். “என்ன அத்தை இது? எங்கம்மாவைப் பத்தி ஊரெல்லாம் சொன்னதே நீங்கதான். இப்ப ரேடியோவுல பேர் வருதுன்னதும் நீங்களா?”

“பொய் சொன்னேம்மா. அன்னைக்கு மாடிக்குப் போனது நான்.”

“ஐம்பது வருஷம் கழிச்சா ஞாபகம் வந்துச்சு?”

அவள் கேட்டதில் என்ன தப்பு? ரேடியோப் பெண் சங்கடத்தோடு இருவரையும் பார்த்தாள். “ஆன்ட்டி, தப்பா நினைக்காதீங்க. கொஞ்சம் சிரிச்சுக் காட்டறீங்களா? ஒப்பிட்டுப் பார்த்துக்கலாம்” என்று கருவியை என் பக்கம் நகர்த்தினாள்.

வாயைத் திறந்தேன். முதல் படிகூட ஏறவில்லை. இருமல் வந்தது. மறுபடி முயன்றேன். அடைத்துப்போன குழாயில் காற்று வருவதுபோல் ஏதோ வந்தது. மகள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். தெருவையே சிரிக்கவைத்தவள், ஒரு சிரிப்புக்கு வழியில்லாமல் கருவிக்கு முன்னால் உட்கார்ந்திருந்தேன்.

கடைசி நம்பிக்கையாகச் சிரிப்பக்காவைப் பார்த்தேன். “நீயாவது சொல்லு. உனக்குத் தெரியுமில்ல?”

அவள் கண்ணாடியை மாட்டிக்கொண்டாள். “எனக்கு எப்படித் தெரியும்? நான்தான் மாடிக்கே போனதில்லையே.”

ஐம்பது வருடமாகச் சொல்லி யாரும் நம்பாத அதே வாக்கியம். அதைத் தவிர அவள் எனக்குத் தரவேண்டியது எதுவும் இல்லை.

மறுநாள் காலை குப்பை வாளியோடு அவள் வாசலுக்கு வரும்வரை காத்திருந்தேன். மன்னிப்பு என்று ஆரம்பித்தேன்.

“அதெல்லாம் அப்புறம்” என்றாள். “அப்ப எத்தனை வீட்டுல சொன்ன?”

“ஞாபகமில்ல.”

“உனக்கா? யார் வீட்டுல எந்த வருஷம் எத்தனை தட்டு உடைஞ்சுதுன்னு சொல்லுவ.”

“பதினாலு” என்றேன்.

“அந்தப் பதினாலுக்கும் போ. ஆள் மாறியிருந்தாலும் இருக்கறவங்ககிட்ட சொல்லு. கோட்டையும் சொல்லு, குழாயடியையும் சொல்லு, மேஜை யாருக்குப் போச்சுன்னும் சொல்லு.” வாளியைக் கீழே வைத்தாள். “உப்பு, காரம் சேர்க்காம சொல்லு.”

அதுதான் கஷ்டமாக இருந்தது. அலங்காரம் இல்லாமல் ஒரு விஷயம் சொல்லி எனக்குப் பழக்கமே இல்லை. முதல் வீட்டில் ஓய்வு பெற்ற கணக்கு வாத்தியார் கேட்டுவிட்டு, “இதுல தமாஷு எங்க இருக்கும்மா?” என்றார். இரண்டாம் வீட்டில், “வயசாச்சுல்ல அக்கா, குழப்பமா இருக்கும்” என்று டீ கொடுத்து அனுப்பினார்கள். அடுத்த வீட்டுக்காரி நம்பினாள், நம்பியதோடு கதவையும் சாத்தினாள். எட்டாம் வீடு இடிந்து லாண்டரி ஆகியிருக்கிறது, இஸ்திரி போடுகிறவரிடம் சொன்னேன். அவர் ஒரு சட்டைக் கையை நீவிக்கொண்டே, “ஓட்டுத்தையல்ல விட்டது உங்க தப்புதான்” என்றார். நிகழ்ச்சியும் ஒலிபரப்பானது. ‘சிரித்தவர் யார் என்பதில் இன்றுவரை கருத்து வேறுபாடு உண்டு’ என்று சொன்னார்கள். நடுவில் என் இருமலையும் போட்டார்கள். தெருவில் இப்போது என்னைக் கண்டால் பிள்ளைகள் இருமிக் காட்டுகிறார்கள்.

பதிமூன்று வீடு முடிந்துவிட்டது. பதினாலாவதுதான் அந்தப் பொய்யை நான் முதன்முதலில் சொன்ன வீடு. அப்பா பத்திரிகையைச் சுருட்டிக்கொண்டு நின்ற வாசல், என் வீடு. அந்த மேஜைச் சம்பளத்தில் படித்த மகனும் அவன் மனைவியும் இருக்கிறார்கள். “எங்கம்மா கத்தரி பிடிச்சா ஒரு நூல் பிசகாது” என்று அவன் ஊரெல்லாம் பெருமையடிப்பான். தெருவெல்லாம் சொன்ன விஷயம் அவன் காதுக்கு அரைகுறையாக எட்டியிருக்கும். கேட்கவில்லை, அம்மா ஏதோ தமாஷ் செய்கிறாள் என்று நினைத்திருப்பான்.

செருப்பைக் கழற்றிவிட்டு வாசலிலேயே நின்றேன். எதிர்வீட்டு ஜன்னலில் மூக்குக்கண்ணாடி தெரிந்தது.

“என்ன அத்தை, உள்ள வராம நிக்கறீங்க?” என்றாள் மருமகள்.

“அவனையும் கூப்பிடும்மா. ரெண்டு பேரும் உட்காருங்க. ஒரு விஷயம் சொல்லணும்.”

அவள் அவசரமாக அடுப்பை அணைத்தாள். கையைத் துடைத்துக்கொண்டு, நாற்காலியை எனக்கு நெருக்கமாக இழுத்துப் போட்டாள். முகமெல்லாம் ஆவல்.

“யாரைப் பத்தி அத்தை?”